கறுப்பு வயரும் மறுதேர்வும்

பிரிட்டனில் எலக்ட்ரீஷியன் வேலைக்குப் படிப்பு ஒருமுறையோடு முடிவதில்லை. வயரிங் விதிகள் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை மாறும். மாறிய விதிகளைப் படித்துத் தேறாதவருக்குப் பெரிய கட்டுமானத் தளங்களில் இடம் கிடைப்பது கடினம். இருபது ஆண்டு அனுபவம் உள்ளவரும் இதற்கு விலக்கல்ல.

மின்விளக்குகளால் தீப்பிடிப்பதைத் தடுக்க, 1882-ல் தந்திப் பொறியாளர்களின் சங்கம் ஒன்று வகுத்த விதிகளிலிருந்து இந்த வரலாறு தொடங்குகிறது. அவையே வளர்ந்து இன்று பி.எஸ். 7671 என்ற தரநிலையாக நிற்கின்றன. அதன் 18-ஆம் பதிப்பு 2018 ஜூலையில் வெளிவந்தது. பிறகு 2020, 2022, 2024 ஆகிய ஆண்டுகளில் திருத்தப்பட்டது.

இந்தத் திருத்தங்களில் சில, உயிர்களைக் கொடுத்துப் பெற்றவை. 2005-ல் ஸ்டீவனேஜ் நகரின் ஹாரோ கோர்ட், 2010-ல் சவுத்தாம்ப்டனின் ஷர்லி டவர்ஸ் ஆகிய அடுக்குமாடிகளில் தீப்பிடித்தபோது, ஒவ்வொன்றிலும் இரண்டு தீயணைப்பு வீரர்கள் இறந்தார்கள். பிளாஸ்டிக் கேசிங் வெப்பத்தில் இளகி, அதற்குள் இருந்த கேபிள்கள் தொங்கி விழுந்து, புகைக்குள் நடமாடியவர்களின் சுவாசக் கருவிகளில் சிக்கிக்கொண்டது இரு விபத்துகளிலும் வெளிப்பட்டது. தீயில் சீக்கிரம் அறுந்து விழாதபடி கேபிள்களைப் பிடித்து நிறுத்த வேண்டும் என்ற விதி, முதலில் தப்பிச்செல்லும் வழிகளுக்கு மட்டும் 2015-ல் வந்தது. 2018-ல் கட்டடம் முழுமைக்கும் விரிந்தது. செய்யவேண்டியது சிறிய வேலைதான்: பிளாஸ்டிக் கிளிப்பை மட்டும் நம்பாமல், இடையிடையே உலோகக் கிளிப் அடிக்க வேண்டும். ஆனால் அது ஏன் என்று யாராவது சொல்லித்தராவிட்டால், பழைய கை பழைய கிளிப்பையே எடுக்கும்.

வயர்களின் நிறம் மாறியது இன்னும் ஆபத்தான கதை. முன்பு மும்முனை இணைப்பில் சிவப்பு, மஞ்சள், நீலம் மூன்றும் பேஸ், கறுப்பு நியூட்ரல். தமிழ்நாட்டு வயர்மேன்களுக்கும் பழகிப்போன வரிசை இது. பிரிட்டன் ஐரோப்பாவோடு ஒத்துப்போக, 2004 மார்ச் முதல் பழுப்பு, கறுப்பு, சாம்பல் ஆகியவற்றைப் பேஸ் நிறங்களாகவும் நீலத்தை நியூட்ரலாகவும் ஏற்றது. 2006 ஏப்ரல் முதல் புது வேலைகளுக்கு அதுவே கட்டாயமானது. ஒரு தலைமுறை நியூட்ரல் என்று தொட்ட கறுப்பு, புதிய வேலையில் பேஸ். பேஸாக இருந்த நீலம் நியூட்ரல். பழைய கட்டடத்தில் புதிய பகுதியைச் சேர்த்திருந்தால் இரண்டு முறைகளும் ஒரே போர்டில் இருக்கும். அங்கே எச்சரிக்கை ஒட்டியிருந்தாலும் இல்லாவிட்டாலும், நிறத்தைப் பார்த்து முடிவெடுக்காமல் சோதித்தே வேலையைத் தொடங்க வேண்டும்.

2024 திருத்தம் சோலார் வீடுகளைப் பற்றியது. போகும் மின்னோட்டமும் திரும்பும் மின்னோட்டமும் சமமாக இல்லாவிட்டால் உடனே இணைப்பைத் துண்டிக்கும் ஆர்.சி.டி.தான் ஷாக்கிலிருந்து உயிரைக் காப்பது. இவற்றில் சில வகைகள், மின்சாரம் ஒரு பக்கமிருந்து மட்டுமே வரும் என்று கருதிச் செய்யப்பட்டவை. கூரைத் தகடும் பேட்டரியும் மறுபக்கத்திலிருந்தும் மின்சாரம் தரும்போது, டிரிப் ஆன பிறகும் கருவியின் உட்பகுதிக்குச் சிறிது நேரம் மின்சாரம் வந்து அது பழுதாகலாம். வெளியே பார்த்தால் எல்லாம் சரியாகவே தெரியும்; அடுத்த கசிவின்போது டிரிப் ஆகாது. அதனால் அத்தகைய இடங்களில் இரு திசைக்கும் ஏற்ற கருவியைத்தான் பொருத்த வேண்டும் என்கிறது திருத்தம்.

இத்தனையும் கற்கவேண்டிய நாட்டில், எல்லா எலக்ட்ரீஷியன்களுக்கும் பொதுவான அரசு உரிமம் என்று ஒன்று இல்லை. தகுந்த அறிவோ அனுபவமோ இல்லாதவர், மேற்பார்வையின்றி ஆபத்தான மின்வேலை செய்யக் கூடாது என்கிறது 1989-ஆம் ஆண்டின் பணியிட மின்சார விதி. இங்கிலாந்திலும் வேல்ஸிலும் வீட்டு வேலைகளுக்கு 2005 முதல் தனி விதி உண்டு. அதன்படி தாமே சான்றளிக்க விரும்புபவர்கள் அங்கீகாரத் திட்டம் ஒன்றில் சேர்ந்து, அவ்வப்போது மதிப்பீட்டாளரிடம் தம் வேலையைக் காட்ட வேண்டும். கட்டுமானத் தளங்களில் கேட்கப்படுவது, எலக்ட்ரீஷியனின் தகுதியைக் காட்டும் இ.சி.எஸ். அட்டை. அது காலாவதியாகும்போது, நடப்புப் பதிப்பில் தேறியிருக்கிறாரா என்று பார்த்தே புதுப்பிக்கிறார்கள்.

அந்தத் தேர்வு இரண்டு மணி நேரம். சரியான விடையைத் தெரிவுசெய்யும் அறுபது கேள்விகள். விதிப்புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டே எழுதலாம். இது சலுகை அல்ல. மின்வேலையில் நினைவை நம்புவதைவிடப் பக்கத்தைப் புரட்டிப் பார்ப்பதே பாதுகாப்பு. ஆனால் தேர்வு தொடாத இடம் ஒன்று உண்டு: கைப்பழக்கம். இணைப்பைத் துண்டித்தபின், டெஸ்டரை முதலில் மின்சாரம் இருக்கும் இடத்தில் வைத்து அது வேலை செய்வதை உறுதிசெய்ய வேண்டும்; பிறகு வேலை செய்யப்போகும் வயரைச் சோதிக்க வேண்டும்; கடைசியாக டெஸ்டரை மறுபடி முதல் இடத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். இடையில் டெஸ்டரே பழுதாகியிருந்தால் இந்த மூன்றாவது சோதனைதான் காட்டிக்கொடுக்கும். அவசரத்தில் முதலில் விட்டுப்போவதும் அதுதான். ஆய்வும் சோதனையும் பற்றிய செய்முறைப் பயிற்சி தனிச் சான்றிதழாக இருக்கிறது. விதித்தேர்வைப் போல அதையும் குறித்த காலத்துக்கு ஒருமுறை எல்லோரும் செய்தாக வேண்டும் என்று ஆக்கினால், அட்டையின் மதிப்பு இன்னும் கூடும்.