பாங்கிச் செயலாளர் படைத்த ஆற்றங்கரை உலகம்

இலண்டன் மாநகரில் திரெட்நீடில் தெருவில் இங்கிலாந்துப் பாங்கி இருக்கிறது. 1694-ஆம் ஆண்டில் அது தோன்றுவதற்கு வழிகாட்டியவர்களுள் முதன்மையானவர் வில்லியம் பாட்டர்சன் என்னும் ஸ்காட்லாந்துக்காரர். இருநூறு ஆண்டுகள் கழித்து மற்றொரு ஸ்காட்லாந்துக்காரர் அதே பாங்கியின் செயலாளராக அமர்ந்தார். அவர் பெயர் கென்னத் கிரகாம். ஆயினும், உலகம் அவரைப் பாங்கி அலுவலராக நினைவிற் கொள்ளவில்லை. நீரெலியும் அகழெலியும் தேரையும் உரையாடும் ஒரு சிறுவர் நூலின் ஆசிரியராகவே போற்றுகின்றது. கணக்கேடுகளின் நடுவே நாளைக் கழித்த ஒருவர் குழந்தையின் உள்ளத்தை எவ்வாறு கண்டறிந்தார்? அவர்தம் வாழ்க்கையே அதற்கு விடை கூறும்.

தாயை இழந்த இளமை

கென்னத் கிரகாம் 1859-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 8-ஆம் நாள் எடின்பரோ நகரில் காசில் தெருவில் பிறந்தார். புகழ்பெற்ற நாவலாசிரியர் சர் வால்ட்டர் ஸ்காட் முன்னாளில் வாழ்ந்த தெரு அது. தந்தையார் வழக்கறிஞர். பின்னர் ஸ்காட்லாந்தின் மேற்குப் பகுதியில் உள்ள இன்வரரி என்னும் ஊரில் நீதித்துறைப் பதவி பெற்றுக் குடும்பத்துடன் அங்கே சென்றார். 1864-இல் தாயார் செங்காய்ச்சலால் மறைந்தார். அந்நோய் ஐந்து வயதுக் கென்னத்தையும் பற்றியது. அவர் உயிர் பிழைத்தது அரிது.

மனைவியை இழந்த தந்தையார் மதுவில் மூழ்கினார். பிள்ளைகள் நால்வரும் இங்கிலாந்தில் இருந்த தாய்வழிப் பாட்டியிடம் அனுப்பப்பட்டனர். தேம்சு ஆற்றுக்கு அண்மையில் உள்ள குக்கம் டீன் என்னும் சிற்றூரில் பாட்டியின் வீடு இருந்தது. பெரிய தோட்டமும், பழமரங்களும், ஆற்றங்கரையும் அன்னையற்ற குழந்தைக்கு ஆறுதல் அளித்தன. அங்கே கண்டவையும் கேட்டவையும் அவர் நெஞ்சை விட்டு அகலவே இல்லை.

மூடப்பட்ட கதவு

1868-இல் ஆக்ஸ்போர்டு நகரில் உள்ள புனித எட்வர்டு பள்ளியில் கென்னத் சேர்ந்தார். படிப்பிலும் விளையாட்டிலும் சிறந்து மாணவர் தலைவராகவும் விளங்கினார். அந்நகரத்துப் பல்கலைக்கழகத்தில் பயில வேண்டும் என்பதே அவருடைய பெருவிருப்பம். ஆனால், குடும்பப் பொறுப்பை ஏற்றிருந்த சிற்றப்பா அதற்குப் பொருள் செலவிட இசையவில்லை. சில காலம் அவருடைய அலுவலகத்திலேயே எழுத்தராகப் பணியாற்றிய கென்னத், 1879-ஆம் ஆண்டு சனவரி முதல் நாள் இங்கிலாந்துப் பாங்கியில் எழுத்தராக நுழைந்தார். அப்போது அவருக்கு வயது பத்தொன்பது. கல்லூரி வாயில் அவருக்கு என்றும் திறக்கவில்லை.

பகலில் கணக்கு, இரவில் எழுத்து

விரும்பாத வேலை என்று அவர் அதனை வெறுத்து ஒதுக்கவில்லை. கடமையைச் செவ்வனே செய்து படிப்படியாக உயர்ந்தார். மாலை வேளைகளில் இலக்கியம் பயின்றார். சேக்சுபியர் ஆய்வுக்கென அமைந்த கழகம் ஒன்றில் மதிப்புறு செயலாளராகத் தொண்டாற்றினார். இதழ்களுக்குச் சிறு கட்டுரைகள் எழுதலானார். 1895-இல் வெளிவந்த 'பொற்காலம்' என்னும் நூல் அவரை நாடறியச் செய்தது. பெற்றோரற்ற பிள்ளைகள் ஐவர் பெரியோரின் உலகை எவ்வாறு காண்கின்றனர் என்பதை அந்நூல் சித்திரிக்கிறது. குழந்தைகளுக்கு அறிவுரை கூறுவதையே தொழிலாகக் கொண்ட நூல்களுக்கு இடையே, குழந்தையின் கண்கொண்டு பெரியோரை அளந்த நூல் அது.

1898-இல், தம் முப்பத்தொன்பதாம் வயதில், கிரகாம் பாங்கியின் செயலாளர் ஆனார். அது பாங்கியின் மிக உயர்ந்த பதவிகளுள் ஒன்று. மறு ஆண்டு எல்ஸ்பெத் தாம்சன் என்னும் எடின்பரோ அம்மையாரை மணந்தார். 1900-இல் பிறந்த ஒரே மகன் அலஸ்டேருக்கு ஒரு கண்ணில் பார்வை இல்லை. மற்றொரு கண்ணும் குறையுடையது.

துப்பாக்கியும் கதையும்

1903-ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 24-ஆம் நாள் மனநிலை திரிந்த ஒருவன் பாங்கிக்குள் வந்து, செயலாளரை நோக்கிப் பலமுறை சுட்டான். நல்வினைப் பயனாக ஒரு குண்டும் அவர் மீது படவில்லை. பாங்கிப் பணியாளர்கள் தீயணைக்கும் குழாயால் நீரைப் பீய்ச்சி அவனை அடக்கினர். உடலில் காயம் இல்லை எனினும், ஏற்கெனவே நலிந்திருந்த அவருக்கு அது பேரதிர்ச்சியாயிற்று.

இக்காலத்திலேதான், இரவில் மகனைத் தூங்க வைக்கத் தேரையின் கதையைச் சொல்லத் தொடங்கினார். 1907-இல் மகனைப் பிரிந்திருந்தபோது அக்கதையைக் கடிதங்களாக எழுதி அனுப்பினார். மகனைக் கவனித்துவந்த ஆசிரியை அவற்றைப் பத்திரப்படுத்தினார். அக்கடிதங்களிலிருந்து வளர்ந்ததே 'வில்லோ மரங்களிடைக் காற்று' என்னும் நூல்.

1908-ஆம் ஆண்டு சூன் திங்களில், உடல்நலங் குன்றியதைக் காரணங் காட்டி, ஆண்டுக்கு 400 பவுன் ஓய்வூதியத்துடன் பாங்கியை விட்டு விலகினார். அக்டோபரில் நூல் வெளிவந்தது. திறனாய்வாளர் சிலர் அதை மதிக்கவில்லை. அமெரிக்கக் குடியரசுத் தலைவராக இருந்த தியோடர் ரூசவெல்ட்டோ அதைப் படித்து மகிழ்ந்து ஆசிரியருக்குக் கடிதம் எழுதினார். நாளடைவில் அது உலகச் சிறுவர் இலக்கியத்தில் நிலையான இடம் பெற்றது.

நூலின் தொடக்கத்தில், வளைக்குள் இருந்து வீட்டைத் துப்புரவு செய்துகொண்டிருக்கும் அகழெலி, இளவேனிலின் அழைப்பைக் கேட்டு, வேலையைப் போட்டுவிட்டு வெளியே ஓடி வருகிறது. முதன்முதலாக ஆற்றைக் காண்கிறது. இருபத்தொன்பது ஆண்டுகள் மேசை முன் அமர்ந்திருந்த ஒருவரின் ஏக்கமே அங்கே பேசுகிறது எனலாம்.

இறுதிக் கொடை

மகன் அலஸ்டேர் ஆக்ஸ்போர்டுப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். தந்தைக்குக் கிட்டாதது மகனுக்குக் கிட்டியது. ஆனால், அந்த மகிழ்ச்சி நீடிக்கவில்லை. 1920-ஆம் ஆண்டு மே திங்களில், இருபது வயது நிரம்பும் முன்னரே, ஆக்ஸ்போர்டில் இருப்புப்பாதையில் இரயில் வண்டி மோதி அவர் மாண்டார். அதன்பின் கிரகாம் எழுதியது மிகச் சிறிதே. 1932-ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 6-ஆம் நாள் பேங்போர்ன் என்னும் ஊரில் தேம்சுக் கரையிலேயே அவர் உயிர் நீத்தார். ஆக்ஸ்போர்டில் மகன் துயிலும் கல்லறையிலேயே அவரும் அடக்கம் செய்யப்பட்டார்.

அவருடைய இறுதி முறியில் ஒரு செய்தி இருந்தது. தம் நூல்களின் உரிமைத் தொகையை ஆக்ஸ்போர்டுப் பல்கலைக்கழகத்தின் பாட்லியன் நூலகத்திற்கு அவர் உரிமையாக்கியிருந்தார். பொருள் இல்லை என்று எந்தக் கல்வி இளமையில் மறுக்கப்பட்டதோ, அந்தக் கல்விக்கே தம் எழுத்தால் ஈட்டிய பொருளை ஈந்தார். கல்லூரியில் மாணவராக நுழைய இயலாதவர், அங்கே பயில வரும் மாணவர்க்கு நூல் வழங்கும் புரவலரானார்.

வறுமையாலோ, பெரியோரின் மறுப்பாலோ கல்வி தடைப்பட்ட பிள்ளைகள் எல்லா நாட்டிலும் உளர். அவர்கள் எல்லாரும் கிரகாம் ஆவதில்லை. அவர் வென்றார் என்பதனால் அவருக்கு நேர்ந்த மறுப்பு நியாயமாகிவிடாது. தம்மிடம் பயிலும் பிள்ளையின் உள்ளத்தில் எந்த ஆறு ஓடுகிறது என்பதை ஆசிரியர் அறிதல் வேண்டும்; அதற்குரிய கதவு மூடாமல் காத்தலும் வேண்டும். கணக்கேட்டின் அடியிலும் ஒரு கதை உறங்கக்கூடும் என்பதற்குக் கென்னத் கிரகாமின் வாழ்வே சான்று.