வேதநாயக சாஸ்திரியார்: இசையும் சாதியும்

தஞ்சை வேதநாயக சாஸ்திரியார் (1774–1864) கிறித்தவ வழிபாட்டில் தமிழிசையை நிலைநிறுத்தியவராகவே பெரிதும் அறியப்படுகிறார். சுவார்ட்சு ஐயரிடம் பயின்ற அவர் பெத்லகேம் குறவஞ்சி முதலியவற்றை இயற்றினார். 1820களில் புதிய மிஷனரிகள் செய்த மாற்றங்களில் நான்கினைக் கொடுமைகள் எனக் கண்டித்தார்: வேதாகமத்தைத் திருத்தி மொழிபெயர்த்தமை, விழாக்களில் பூக்களை விலக்கியமை, தமிழ்க் கீர்த்தனைகளைத் தடுத்தமை, ஆலயத்தில் சாதிவாரி இருக்கையை நீக்கியமை. கீர்த்தனைக்காக வாதாடிய அதே ‘நாட்டு வழக்கம்’ என்னும் நியாயமே இருக்கைப் பிரிவினையையும் காக்க முயன்றது. பாராட்டுரைகள் இதனை மெல்லக் கடந்துவிடுகின்றன.

அவருடைய பாடல்கள் தஞ்சையோடு நின்றுவிடவில்லை. 1853இல் அமெரிக்க மதுரை மிஷனைச் சேர்ந்த எட்வர்டு வெப் வெளியிட்ட கீர்த்தனைத் தொகுப்பில் அவை இடம்பெற்றன. பெரியகுளமும் கம்பம் பள்ளத்தாக்கும் அம்மிஷனின் களத்துள் அடங்கியவை. சபையில் சாதி வழக்கத்தை மறுத்த அம்மிஷன், சாஸ்திரியாரின் பாடல்களை மறுக்கவில்லை.