மாதம் நூறு ரூபாய், மறுப்போ ஐந்தாண்டு!

ஏழை சொல் அம்பலம் ஏறாது என்பது நம் நாட்டுப் பழமொழி. ஏழைத் தகப்பனின் சொல்லே ஏறாதென்றால், அவன் பெற்ற பள்ளிப்பிள்ளையின் சொல் எங்கே ஏறப்போகிறது? குஜராத்தில் நடந்த ஒரு வழக்கின் கதையைத் தோழர்கள் அறிய வேண்டுமென்று இங்கே எழுதுகிறோம்.

2006இல் சச்சார் குழு தன் அறிக்கையைத் தந்தது. 2001 கணக்கெடுப்பின்படி நாட்டில் எழுத்தறிந்தோர் நூற்றுக்கு 65 பேர். முஸ்லிம்களிலோ 59 பேர்தான் என்று அது எடுத்துக்காட்டியது. அதன்பின் 2008இல், சிறுபான்மை வகுப்பு ஏழைப் பிள்ளைகளுக்கு மத்திய அரசு ஓர் உதவித்தொகைத் திட்டம் வகுத்தது. முதல் வகுப்பிலிருந்து பத்தாம் வகுப்பு வரை அது கிடைக்கும். பெற்றோரின் ஆண்டு வருமானம் ஒரு லட்சம் ரூபாயைத் தாண்டக் கூடாது. வீட்டிலிருந்து பள்ளிக்குப் போய்வரும் பிள்ளைக்குப் பராமரிப்புத் தொகை மாதம் 100 ரூபாய். செலவில் முக்கால் பங்கு மத்திய அரசுக்கு. கால் பங்கு மாநில அரசுக்கு.

அந்தத் திட்டத்தை நடத்த முடியாது என்றது குஜராத் அரசு! மதம் பார்த்து உதவுவது பாகுபாடாம். அரசமைப்புச் சட்டத்தின் 15ஆவது பிரிவு அதற்கு இடம் தராதாம்!

நாம் கேட்கிறோம்: பந்தியில் பின்னுக்குத் தள்ளப்பட்டவனை அழைத்து இலை போடுவது பாகுபாடா? அவனை வாசலில் நிறுத்திவிட்டு, எல்லாரும் சமம் என்று உபதேசம் செய்வது பாகுபாடா?

விவகாரம் பொதுநல வழக்காக உயர் நீதிமன்றத்துக்கு வந்தது. பாதிக்கப்பட்டவனே வழக்குத் தொடுக்க வேண்டும் என்பது பழைய விதி. கூலிக்காரன் வக்கீலுக்கு எங்கே போவான்? 1980களின் தொடக்கத்தில் உச்ச நீதிமன்றம் அந்த விதியைத் தளர்த்தியது. டில்லியில் ஆசிய விளையாட்டுக்காகக் கட்டடம் எழுப்பிய தொழிலாளருக்காக ஓர் உரிமை அமைப்பு எழுதிய கடிதமே மனுவாக ஏற்கப்பட்டது. குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே கொடுத்து வேலை வாங்குவது கட்டாய உழைப்பே என்று 1982இல் தீர்ப்பும் வந்தது. தொழிலாளிக்குத் திறந்த அந்தக் கதவின் வழியேதான் குஜராத் குழந்தைகளின் வழக்கும் நுழைந்தது.

ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு 2013 பிப்ரவரியில் தீர்ப்பளித்தது. திட்டம் செல்லும் என்றனர் மூவர். செல்லாது என்றனர் இருவர். ஒருவர் மாறியிருந்தால் தீர்ப்பே மாறியிருக்கும்! மாநில அரசு உச்ச நீதிமன்றம் சென்று தடை கேட்டது. அந்த ஆண்டு மே மாதம், தடை இல்லை என்று கூறப்பட்டது.

நியாயம் வென்றது, மகிழ்கிறோம். ஆனால் ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள், தோழர்களே! 2008இல் ஆறாம் வகுப்பில் இருந்த பிள்ளை, 2013இல் பத்தாம் வகுப்பையே முடித்திருக்கும். வாய்தாவுக்கு வழக்கு காத்திருக்கும், வயது காத்திருக்குமா? இடையில் படிப்பை விட்டுப் பட்டறைக்குப் போன பிள்ளையை எந்தத் தீர்ப்பு திரும்ப அழைத்துவரும்?

இன்னொன்றும் கேளுங்கள். நீதிமன்றம் காத்துத் தந்த திட்டத்தை, 2022இல் மத்திய அரசே வெட்டிக் குறைத்தது. ஒன்பது, பத்தாம் வகுப்புகளுக்கு மட்டும் என்றாக்கியது. எட்டாம் வகுப்பு வரை சட்டப்படி கல்வி இலவசம் என்பது அது சொன்ன காரணம். பிள்ளையை வேலைக்கு அனுப்பாமல் பள்ளிக்கு அனுப்பும் வீட்டில் குறைகிற கூலியை எந்தச் சட்டம் ஈடுசெய்கிறது?

1951இல் சென்னை மாகாணத்தின் வகுப்புவாரி ஆணை செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னபோது, தமிழகம் தீர்ப்பைப் படித்துவிட்டுப் பெருமூச்சு விட்டு உட்காரவில்லை. கிளர்ந்தெழுந்தது! அதே ஆண்டில் அரசமைப்புச் சட்டம் முதன்முறையாகத் திருத்தப்பட்டது; பிற்பட்டோருக்குத் தனி ஏற்பாடு செய்ய அரசுக்கு அதிகாரம் தரும் 15(4) உட்பிரிவு பிறந்தது.

ஆகவே வழக்கு வேண்டும். வழக்கு மட்டும் போதாது. பள்ளி திறக்கும் மாதத்தில் ஒவ்வொரு கிளைத் தோழரும் தம் தெருவில் வீடு வீடாகச் செல்லட்டும். எந்தப் பிள்ளைக்கு எந்த உதவித்தொகை உண்டு, வருமானச் சான்று கிடைத்ததா, விண்ணப்பம் போயிற்றா, பணம் வந்ததா என்று கேட்டுக் குறித்துக்கொள்ளட்டும். வராத இடத்தில் திரண்டு நின்று கேட்கட்டும். ஏழை சொல்லை அம்பலம் ஏற்றுகிற வேலை வக்கீலோடு முடிவதல்ல. அது நம் வேலை!