மலையில்லா ஊரின் மலைக்கவலை

நமது ஏனாத்தூர் சமவெளி. இங்கே தறியுண்டு, வயலுண்டு, மலை இல்லை. "அப்படியிருக்க அரிட்டாபட்டிக்காக ஏனய்யா இத்தனை ஆவேசம்?" என்று தேநீர்க் கடையில் கேட்டார் நெசவாளத் தோழர் ஒருவர். நியாயமான கேள்வி!

மதுரைச் சீமையில் மேலூர்ப் பக்கம் ஏழு குன்றுகள். சமணர் படுக்கையும் தமிழி எழுத்தும் அங்கே. பாண்டியர் குடைவரையும் அங்கே. குன்றில் இறங்கும் மழைதான் கீழே சுனையாக, ஏரியாக, நெல்லாக ஆகிறது. 193 ஹெக்டேரைப் பல்லுயிர் மரபுத் தலமென்று 2022 நவம்பரில் தமிழக அரசு அறிவித்தது. தமிழகத்தில் அதுவே முதலாவது. 2024 நவம்பரில் டில்லி என்ன செய்தது? அத்தலத்தையும் உள்ளடக்கி டங்ஸ்டன் சுரங்கத்துக்கு ஏலம் விட்டது!

இத்தாலியில் கராரா என்ற ஊரருகே ஒரு மலை. அதன் சலவைக்கல்லில்தான் மைக்கேல் ஆஞ்சலோ தாவீதைச் செதுக்கினான். இன்று அதே மலையைப் பொடியாக்கிப் பற்பசைக்கும் காகிதத்துக்கும் அனுப்புகின்றனர். சிற்பி கேட்டது ஒரு கல். ஆலை கேட்பதோ மலையை!

அரிட்டாபட்டி மக்கள் அதற்கு இடங்கொடுக்கவில்லை. டிசம்பர் 9-இல் சட்டமன்றம் ஒருமனதாகத் தீர்மானம் இயற்றிற்று. 2025 சனவரியில் உழவர் கூட்டம் மதுரை நோக்கி நடந்தது, பெண்கள் முன்வரிசையில்! சனவரி 23-இல் ஏலம் ரத்து.

நாம் சொல்லி முடிக்கையில், கடையைக் கடந்தது ஜல்லி லாரி. புழுதியைத் துண்டால் துடைத்தபடி தோழர் கேட்டார்:

"இது எந்த ஊர் மலையோ?"