வைத்தியர்க்கு ஒரு வினாப் பள்ளி

மருத்துவக் கல்லூரியிற் சித்தியெய்திப் பட்டம் பெற்ற ஒருவர்க்குப் பரீட்சைகள் அத்தோடு முடிந்துவிடும் என்று நம்மிற் பலர் எண்ணுகின்றோம். உண்மை அதுவன்று. பிறநாடு சென்று தொழில் புரிய விழையும் வைத்தியர், அந்நாட்டார் வைக்கும் பரீட்சையில் மீண்டும் தேறுதல் வேண்டும். ஐக்கிய அமெரிக்காவில் உரிமம் பெறுவதற்கு மூன்று படிகள் கொண்ட பரீட்சை உண்டு. இங்கிலாந்திற் பதிவுபெற விரும்பும் வெளிநாட்டு மருத்துவர்க்கு 'பிளாப்' என்னும் பரீட்சை உண்டு. அதன் முதற் பகுதியில் மூன்று மணி நேரத்தில் 180 வினாக்களுக்கு விடையளித்தல் வேண்டும். வினா ஒன்றுக்கு ஒரு நிமிடமே கிடைக்கும். வெளிநாட்டில் மருத்துவம் பயின்று நம் நாட்டிற்கு மீள்வோரும் இலங்கை மருத்துவச் சபையின் பரீட்சைக்குத் தோற்றியே ஆகவேண்டும். இரவுபகலாக வாட்டிற் பணிசெய்துகொண்டே இவற்றுக்குப் படிக்கும் இளம் வைத்தியரைக் குறித்து எழுந்தவையே பரீட்சை ஆயத்தத் தாபனங்கள். அவை எவ்வாறு தோன்றின, எதனைச் செய்யவல்லன, எதனைச் செய்யமாட்டா என்பவற்றை ஈண்டு ஆராய்வாம்.

அமெரிக்காவில் மருத்துவப் பரீட்சகர் தேசிய சபை 1915ஆம் ஆண்டில் நிறுவப்பெற்றது. அடுத்த ஆண்டில் அது நடத்திய முதற் பரீட்சை ஏறத்தாழ ஒரு வாரம் நீடித்தது. கட்டுரை விடைகளோடு, ஆய்வுகூடச் செய்முறையும், நோயாளியின் படுக்கையருகே நிகழும் வாய்மொழிச் சோதனையும் அதில் அடங்கியிருந்தன. தோற்றுவோர் தொகை பெருகவே, 1950களின் முற்பகுதியிற் கட்டுரை நீங்கிப் பல விடைகளுள் ஒன்றைத் தெரிவுசெய்யும் வினா அவ்விடத்தைப் பெற்றது. நாடு முழுவதற்கும் பொதுவான இன்றைய உரிமப் பரீட்சை 1992இல் தொடங்கியது. 1999இற் கணினிக்கு மாறியது. வினாவின் வடிவம் எல்லார்க்கும் ஒன்றேயாயின், அவ்வடிவிற் பயிற்சியளிப்பதும் ஒரு தொழிலாதல் இயல்பே.

அத்தொழிலின் முன்னோடிகளுள் ஒருவர் ஸ்ரான்லி கப்லான் என்பவர். நியூயோர்க் நகரின் புரூக்ளினில், பெற்றோர் வீட்டு நிலக்கீழ் அறையில் 1938ஆம் ஆண்டிற் பாடஞ் சொல்லத் தொடங்கினார். வைத்தியராதலே அவர் விருப்பமாயிருந்தது. ஆயின் விண்ணப்பித்த மருத்துவக் கல்லூரிகள் அவரை ஏற்கவில்லை. தாம் யூதர் என்பதும், பொதுக் கல்லூரியிற் பயின்றவர் என்பதுமே அதற்குக் காரணம் என அவர் கருதினார். குலமும் குடியும் நோக்காது திறமையொன்றையே அளக்கும் பொதுப்பரீட்சை ஏழைப் பிள்ளைக்கும் வாயில் திறக்கும் என அவர் நம்பினார். மருத்துவக் கல்லூரியுட் புகமுடியாத அவர் நிறுவிய தாபனம், பிற்காலத்தில் எண்ணற்றோரை மருத்துவப் பரீட்சைகளுக்கு ஆயத்தஞ் செய்தது.

இரண்டாவது வரலாறு நம் காலத்தது. ஆந்திரப் பிரதேசத்திற் பிறந்து, இந்தியாவில் மருத்துவம் பயின்று, அமெரிக்கா சென்றவர் சந்திரசேகர் பெம்மசானி. உரிமப் பரீட்சையின் இடர்ப்பாட்டைத் தாமே அறிந்த அவர், 2003ஆம் ஆண்டில் வினாக்களையும் விளக்கங்களையும் தொகுத்து இணையத்தின் வழியே வழங்கத் தொடங்கினார். அச்சிறு முயற்சியே 'யூவேர்ல்ட்' என்னும் பெருந் தாபனமாயிற்று. அவர் 2024இற் குண்டூர்த் தொகுதியிலிருந்து இந்திய மக்களவைக்குத் தெரிவாகி அமைச்சருமானார்.

இத்தகைய வினா வங்கி எவ்வாறு கற்பிக்கின்றது என்பதற்கு, யாமே அமைத்த எடுத்துக்காட்டு ஒன்றைத் தருகின்றோம். நாற்பத்தைந்து வயதுப் பெண்ணொருத்தி மூன்று மாதமாகக் களைப்பும், குளிர் பொறாமையும், மலச்சிக்கலும் உடையவள். உடல் எடையும் கூடியுள்ளது. முதலிற் செய்யத்தக்க சோதனை யாது? கேடயச் சுரப்பியை ஒலியலையாற் படம் பிடித்தலா, மூளையைப் படம் பிடித்தலா, குருதியில் அச்சுரப்பியைத் தூண்டும் ஓமோனை அளத்தலா? மூன்றாவதே விடை. கேடயச் சுரப்பி சோரும்போது, மூளையின் அடியிலுள்ள கபச் சுரப்பி அதனை எழுப்பும்பொருட்டுத் தூண்டும் ஓமோனை மிகுதியாகச் சுரக்கும். ஆதலின் அதன் அளவு உயரும். ஒலியலைப் படம் சுரப்பியின் வடிவைக் காட்டுமன்றித் தொழிலைக் காட்டாது. மூளைப் படமோ, குறை கபச் சுரப்பியிலேயே உள்ளதென்ற ஐயம் எழுந்த பின்னரே வேண்டப்படும். சரியான விடை ஏன் சரி என்பதோடு, பிழையானவை ஏன் பிழை என்பதும் கூறப்படுதலைக் காண்க. வினா வங்கியின் உயிர் இவ்விளக்கத்திலேயே உள்ளது.

இம்முறை பயன்தருவதற்கு ஆராய்ச்சிச் சான்றும் உண்டு. ரோடிகர், கார்பிக் என்னும் உளவியலாளர் இருவர் 2006இல் வெளியிட்ட ஆய்வில், ஒரு பகுதி மாணவர் உரைப்பகுதியொன்றை இருமுறை வாசித்தனர். மறு பகுதியார் ஒருமுறை வாசித்து, பின் நூலைப் பாராது நினைவிலிருந்து எழுதினர். ஐந்து நிமிடத்தின் பின் சோதித்தபோது இருமுறை வாசித்தவரே முந்தினர்: 81க்கு 75 வீதம். ஒரு வாரத்தின் பின்னரோ நிலைமை தலைகீழாயிற்று. வாசித்தவர் 42 வீதமும், நினைந்து எழுதியவர் 56 வீதமும் நினைவுகூர்ந்தனர். மீண்டும் மீண்டும் வாசித்தல் தெரிந்தது போன்ற மயக்கத்தைத் தரும். தன்னைத் தானே வினாவுதல் அறிவை நிலைபெறச் செய்யும்.

இனி மறுபக்கத்தையும் நோக்குவாம். விடையை மட்டும் நாடி விளக்கத்தைக் கைவிடுவோரும் உளர். முன்னர்த் தோற்றியோர் நினைவிற் கொண்டுவந்த வினாக்களைப் பொருள் கொடுத்துப் பெறுவோரும் உளர். அமெரிக்கப் பரீட்சையை நடத்துவோர் 2024ஆம் ஆண்டு சனவரியில், நேபாளத்தோடு தொடர்புடைய பரீட்சார்த்திகள் பலரின் பெறுபேறுகளைச் செல்லாதனவாக அறிவித்தனர். பாதிக்கப்பட்டோர் தரப்பில், இது பாகுபாடு என வழக்கும் தொடுக்கப்பட்டது. களவாக வெளிவரும் வினா, அதனை வாங்கியவனை மட்டுமன்றி, அவனோடு ஒரே நாட்டிற் பிறந்து நேர்மையாகப் படித்தவனையும் ஐயத்துக்குள்ளாக்குகின்றது. கப்லான் நம்பிய நடுநிலை அங்ஙனமே குலைகின்றது. கட்டணமும் சிறிதன்று, சில மாதச் சந்தா பல நூறு டொலர். உரூபாவிற் சம்பளம் பெறும் இளம் வைத்தியர்க்கு அது பெருஞ்சுமை.

புள்ளியின் மீதுள்ள மோகமும் இத்தொழிலை வளர்த்தது. அமெரிக்கப் பரீட்சையின் முதற்படியில் எண்களாற் புள்ளி வழங்கும் வழக்கம் 2022 சனவரி 26 முதல் நீங்கி, சித்தி அல்லது தவறுதல் என்ற முடிபு மட்டுமே அறிவிக்கப்படுகின்றது. ஆயின் நோயாளியாக நடிப்பவரைக் கண்டு உசாவும் செய்முறைச் சோதனை, 2021 சனவரியிற் கைவிடப்பட்டது. 1916இற் படுக்கையருகே தொடங்கிய பரீட்சை அங்கு இன்று கணினித் திரையிலேயே நிகழ்கின்றது. திரையில் வரும் நோயாளி தன் நோயைச் சில வரிகளில் ஒழுங்காகக் கூறிவிடுவான். வாட்டிற் படுத்திருக்கும் முதியவரோ முதலில் மகனைப் பற்றிக் கூறுவார். வலியைப் பற்றி ஈற்றிலேதான் கூறுவார். தரப்பட்ட ஐந்து விடைகளுள் ஒன்றைத் தெரிதல் வேறு. எவ்விடையும் தரப்படாதவிடத்து வினாவையே கண்டுபிடித்தல் வேறு. பின்னதைக் கற்பிக்கும் தாபனம் நோயாளியின் படுக்கையன்றிப் பிறிதில்லை.

ஆதலின் மருத்துவம் பயிலப் புகும் எம் கல்லூரி மாணவர்க்கு யாம் கூறுவது இதுவே. வினா வங்கியை இகழவும் வேண்டா. குருவாகக் கொள்ளவும் வேண்டா. உமது அறியாமை எங்குள்ளது என்று காட்டும் கண்ணாடியாக அதனைக் கொள்ளுங்கள். பிழைத்த வினாவின் விளக்கத்தை நூலோடு ஒப்பிட்டு, உம் சொந்தச் சொற்களில் எழுதி வையுங்கள். பொருள் வசதியில்லாதார் நண்பர் மூவராகக் கூடி, அன்று வாட்டிற் கண்ட நோயைக் கொண்டு தாமே வினா அமைத்து, ஒருவரையொருவர் வினாவலாம்; இதற்குச் சந்தா வேண்டுவதில்லை. பரீட்சகர் உம்மிடம் வினாவுவது ஒருநாள். நோயாளர் உம்மிடம் வினாவுவதோ வாழ்நாள் முழுதும். அவர்க்கு விடையளிக்க வல்லவராதலே பரீட்சையிற் சித்தியெய்துதலின் பயனாம்.