பெயர் போடாத மெட்டு

மும்பை மான்குர்த் மண்டாலாவின் பங்கார் (பழைய சாமான்) கடைகளில் எப்போதாவது ஒரு மஞ்சள் வீடியோ கேம் கேசட் கண்ணில் படும். ஒட்டியிருக்கும் படத்தில் மீசைக்கார மேரியோ. தொண்ணூறுகளில் மணிக்கணக்குக்குக் காசு கொடுத்து ஆடிய எங்கள் சால் குடியிருப்புப் பிள்ளைகளுக்கு அந்த கேமின் மெட்டு இன்றும் மனப்பாடம். போட்டவர் யார் என்றால் ஒருவருக்கும் தெரியாது.

அவர் கோஜி கொண்டோ. 1961-இல் ஜப்பானின் நகோயாவில் பிறந்தவர்; சிறு வயதிலேயே எலெக்ட்ரானிக் ஆர்கன் பழகியவர். 1984-இல் படிப்பு முடித்த கையோடு நிண்டெண்டோவில் சேர்ந்தார். மறுவருடமே சூப்பர் மேரியோ பிரதர்ஸ்.

மெட்டுக்கு இரண்டு குரல், அடிநாதத்துக்கு ஒன்று, தாளத்துக்கு வெறும் இரைச்சல். அவ்வளவுதான் அவருக்குக் கிடைத்த வாத்தியக் கோஷ்டி. மொத்த கேமும் 40 கிலோபைட்; அதற்குள்ளேதான் இசையும் அடங்க வேண்டும். முதலில் போட்ட மெட்டு மேரியோவின் ஓட்டத்தோடு ஒட்டவில்லை. அதைத் தூக்கிப் போட்டுவிட்டு, ஓட்டத்தையும் குதிப்பையும் பார்த்துப் பார்த்து வேறு மெட்டு அமைத்தார். மேரியோ குதிக்கும் ஒலி எழும் நொடியில், மெட்டின் ஒரு குரல் வழிவிட்டு ஒதுங்கும். விட்டதைக் காதே நிரப்பிக்கொள்ளும். மீதி நேரம் 100-க்குக் கீழே இறங்கினால் அதே மெட்டு வேகமெடுக்கும். பட்டனை அழுத்தும் விரலும் பதறும்.

இளவரசியை மீட்டு ஆட்டத்தை முடித்தாலும் திரையில் அவர் பெயர் வராது. 1986-இல் அவர் இசையோடு வந்த ஜெல்டா கேமிலும் 'கொன்சான்' என்ற செல்லப்பெயர்தான். அன்றைய வழக்கம் அது.

அந்நாளில் இலங்கை வானொலியில் படம், பாடியவர், எழுதியவர், இசையமைத்தவர் என்று வரிசையாகச் சொல்லிவிட்டுத்தான் பாட்டைப் போடுவார்கள். அப்படிக் கேட்டு வளர்ந்தவர்களின் பிள்ளைகள் நாங்கள். எங்களுக்குக் கொண்டோவின் பெயரைச் சொல்ல ஆள் இல்லாமல் போய்விட்டது. கேம் கூட்டு உழைப்பு, ஒருவர் பெயர் எதற்கு என்பாரும் உண்டு. சினிமாவும் கூட்டு உழைப்புதானே?

2023-இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் தன் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் மேரியோ மெட்டைச் சேர்த்தது. கேம் இசை அதில் ஏறியது அதுவே முதல்முறை. மெட்டு பிறந்து 38 வருடம் கழித்து!

எங்கள் பக்கத்துத் தெரு இளைஞர் ஒருவர் செல்போன் கேம்களுக்கு மெட்டுப் போட்டுத் தருகிறார். காசு வருகிறது, பெயர் எங்கும் வருவதில்லை. அவரும் கேட்பதில்லை. எனக்கு இதுதான் பொறுக்கவில்லை. மெட்டு வாங்குகிறவர்களே, காசோடு பெயரையும் போடுங்கள். மெட்டுப் போடும் தம்பிகளே, வெட்கப்படாமல் கேளுங்கள்.