உங்களுக்குத் தெரியுமா? – திருகோணமலையிலிருந்து கண்டிக்குப் போன தூதர்

● ஐப்பசி பிறந்துவிட்டால் அந்தக் காலத்தில் சென்னைக் கரையில் ஆங்கிலேயப் போர்க்கப்பல்கள் நங்கூரமிட்டு நிற்க முடியாது. வாடைக்காற்றுக்கு ஒதுங்க இடமில்லாமல் பம்பாய்க்கு ஓட வேண்டும். ஒதுங்க இடமுள்ள திருகோணமலைமேல் கிழக்கிந்தியக் கம்பனிக்காரர் கண் விழுந்தது இதனால்தான். 1782 ஜனவரி 11ஆம் திகதி, ஒல்லாந்தரிடமிருந்து அங்குள்ள ஒஸ்டன்பேர்க் கோட்டையை அட்மிரல் எட்வர்ட் ஹியூஸ் கைப்பற்றினார்.

● துறைமுகம் கைக்கு வந்தாலும் அதற்குப் பின்னாலுள்ள நாடு கண்டி மன்னருடையது. அவரை நட்பாக்க, சென்னை ஆளுநர் மக்கார்ட்னி பிரபு தம் செயலாளர் ஹியூ பாய்டை அனுப்பினார். பாய்ட் அயர்லாந்தின் பாலிகாசலில் 1746இல் பிறந்தவர். லண்டனில் எழுத்தும் அரசியலும் பேசித் திரிந்தவர். ‘ஜூனியஸ்’ என்ற புனைபெயரில் ஆங்கிலேய அமைச்சர்களைக் கிழித்த கடிதங்களை எழுதியவர் இவரே என்று சிலர் அடித்துச் சொன்னார்கள். ஆய்வாளர் பலர் இன்று கைகாட்டுவது பிலிப் பிரான்சிஸை. அவரும் கம்பனி உத்தியோகம் பார்த்தவர்தான்!

● பெப்ரவரியில் திருகோணமலையை விட்டுக் கிளம்பிய பாய்ட், மார்ச்சில் கண்டி அரசவையில் நின்றார். அப்போதுதான் அரியணை ஏறியிருந்த நாயக்க வம்சத்து இராஜாதி ராஜசிங்கன் முன்னால் எப்படி வணங்குவது என்பதற்கே தனிப் பேச்சுவார்த்தை! பாய்ட் முழந்தாளிட்டால் போதும் என்று முடிவாயிற்று. மன்னரை மறைத்திருந்த திரை விலகியதும் உடன் வந்த அரசவையினர் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார்கள். முகம் கல்தரையில் பட்டுவிடும் போலிருந்ததாம். பாய்ட் இதைத் தம் நாட்குறிப்பில் நையாண்டியாக எழுதிவைத்தார். நையாண்டி செய்தவரும் முழங்காலில்தான் நின்றார் என்பதை மறக்க வேண்டாம்.

● தூது பலித்ததா? இல்லை. 20 ஆண்டுகளுக்கு முன், 1762இல், ஜான் பைபஸ் என்ற கம்பனி உத்தியோகத்தர் இதே திருகோணமலை வழியாகக் கண்டிக்கு வந்திருந்தார். ஒல்லாந்தரை விரட்ட உதவி கேட்டது கண்டி. பைபஸுக்கோ வாக்குக் கொடுக்கும் அதிகாரம் இல்லை. போனவர் போனவர்தான், சென்னையிலிருந்து ஒரு பதிலும் வரவில்லை. கண்டியில் அதை யாரும் மறக்கவில்லை. உங்கள் கம்பனியோடு பேச்சில்லை, இங்கிலாந்து மன்னரே நேரில் தொடர்புகொள்ளட்டும் என்று பாய்டைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். என்னைக் கேட்டால், நியாயமான பதில்.

● வெறுங்கையோடு சென்னைக்குக் கப்பலேறிய பாய்டை நடுக்கடலில் பிரெஞ்சுக்காரர் பிடித்து, பூர்போன் தீவுக்குக் கொண்டுபோனார்கள். அதே ஆண்டு ஆகஸ்ட் முடிவில் பிரெஞ்சுத் தளபதி சுஃப்ரென் திருகோணமலையையும் பிடித்துக்கொண்டார். ஓர் ஆண்டுக்குள் மூன்று கொடிகள் பார்த்த துறைமுகம் அது!

● விடுதலையாகிச் சென்னை திரும்பிய பாய்டுக்குக் கிடைத்த வேலை ‘மாஸ்டர் அட்டெண்டன்ட்’, அதாவது கப்பல் போக்குவரத்துக்குப் பொறுப்பதிகாரி. துறைமுகமே இல்லாத ஊரில்! கப்பல்கள் தூரத்தில் நிற்க, பலகைகளைக் கயிற்றால் தைத்த மசூலாப் படகுகள்தான் ஆளையும் சரக்கையும் அலை தாண்டிக் கரைசேர்த்தன. உத்தியோகத்துக்கு இடையே ‘மெட்ராஸ் கூரியர்’ இதழின் ஆசிரியராக இருந்தார். பிறகு ‘ஹர்காரா’ என்று சொந்தப் பத்திரிகையும் தொடங்கினார். 1794இல் சென்னையிலேயே காலமானார். கண்டி நாட்குறிப்பு அச்சேறியது 1800இல், அவருடைய எழுத்துகளைத் தொகுத்த நூலில்.